இரவு ஷிப்டில் ஆட்டம் கேட்பது

முதலில் கட்டைகளைச் சூடாக்க வேண்டும்.
பேட்டரிக் கட்டை நாலு.
ஆடி மாதம் பந்தலூரில் வெயில் ஏது,
டிரையர் கதவின் மேல்விளிம்பில்
துணி சுற்றி வைத்தால்
செத்த கட்டை எழுந்து உட்காரும்
ஒரு பாதி ஆட்டத்துக்கு.
மறு பாதிக்கு உத்தரவாதம் இல்லை.

அடுத்தது திசை.
தகரக் கூரையின் நடுவில் கோழிக்கோடு எடுக்காது.
மேல்மாடியில், இலை வாட்டும் தொட்டிகளைத் தாண்டி,
மேற்கு ஜன்னலின் மூன்றாவது கம்பியில்
சணல் கயிற்றால் ரேடியோவைக் கட்டு.
நேராக அல்ல, கொஞ்சம் சரித்து,
வகுப்பில் தூங்குகிற பையன் தலை மாதிரி.
செம்புக் கம்பியின் மறுமுனை சில்வர் ஓக் மரத்தில்.
மரம் ஆடினால் ஆட்டமும் ஆடும்.

முள்ளை மெதுவாகத் திருப்பு.
வழியில் ஒருவர் கத்தரிக்குப் பூச்சிமருந்து சொல்வார்,
இலங்கையிலிருந்து யாருக்கோ பிறந்தநாள் வாழ்த்து,
அந்த இடத்தில் லோகிதாசன்
ஒரு நொடி நிறுத்தச் சொல்வான்,
ஊர்ப்பெயர் ஏதாவது வருகிறதா என்று.
பிறகு எண்ணெயில் மழை பெய்கிற மாதிரி ஓர் இரைச்சல்.
அதுதான் மைதானம்.
கையை எடுத்துவிடு.

பார்க்க முயலாதே.
புல், கோடு, வலை எதையும் மனதில் போடாதே.
வர்ணனையாளரின் மூச்சைக் கேள்.
பந்து நடுவில் கிடந்தால் ஊர்க்கதை பேசுவார்.
ஓரத்தில் ஓடினால் பெயர்கள் மட்டும்.
பெட்டிக்குள் நுழைந்தால் பெயரும் தீர்ந்து
உயிரெழுத்து மிஞ்சும்.

இன்னொன்று.
ஆரவாரம் முன்னால் வரும், சேதி பின்னால்.
மைதானம் கத்தி முடித்த பிறகுதான்
அவர் வாய் திறப்பார்.
அந்த இடைவெளியில்
இரண்டு அணியும் கோல் போட்டிருக்கும்.

ஹாஃப் டைமில் இலையைப் புரட்டிப் போடு.
டீ மேக்கர் ஏறி வருகிற நேரம்.
ரேடியோமேல் ஒரு சாக்கு.

சைதலவி நிலம்பூர்க்காரன், இலை லாரி ஓட்டுகிறவன்.
மலையாளத்தைக் காதுக்கும் வாய்க்கும் நடுவிலேயே
தமிழாக்கித் தருவான்.
அவனுக்கு அது கோல் இல்லை.
நாக்கை மடித்து, அண்ணத்தில் ஒரு தட்டு தட்டி,
கோ...ள்.
'எங்க பக்கம் கோள்னா வேறப்பா'
என்று லோகிதாசன் சிரிப்பான்.

கீழே உருட்டுகிற மிஷின்கள்.
அங்கே யார் குரலும் யாருக்கும் கேட்காது.
பன்னிரண்டு பேர்,
இலை தள்ளுகிற பொந்து வழியே
என் கையைத்தான் கேட்பார்கள்.
விரித்த கை, நம் பந்து.
முஷ்டி, அவர்கள் பந்து.
உச்சந்தலையில் கை, கம்பத்தில் பட்டுத் தெறித்தது.
இரண்டு கையும் மேலே போனால் நம் கோல்.
வாங்கின கோலுக்குச் சைகை வைத்துக்கொள்ளவில்லை.
பொந்தைவிட்டு விலகிவிடுவேன், அவ்வளவுதான்.

அன்று ஒன்றுக்கு ஒன்று.
எண்பத்தெட்டாவது நிமிடம்.
கட்டைகள் ஆறிவிட்டன,
குரல் கிணற்றுப் படிகளில் இறங்கிக்கொண்டிருந்தது.
பெனால்டி என்றது ரேடியோ.
யாருக்கு என்பதை மரம் ஆடி எடுத்துக்கொண்டது.
சைதலவி கம்பியோடு காதை ஒட்டினான்.
லோகிதாசன் இரு கையாலும் பெட்டியின் முதுகைப்
பொத்தினான், கோழிக்குஞ்சுக்குச் சூடு கொடுப்பதுபோல்.
விசில்.
ஆரவாரம்.
ஆரவாரத்துக்குச் சட்டை நிறம் கிடையாது.
பிறகு வாட்டுகிற காற்றாடியின் சத்தம் மட்டும்.

பொந்துக்குக் கீழே பன்னிரண்டு முகங்கள்,
பச்சைச் சாறு அப்பி, அண்ணாந்து.
என் கை எனக்கு முன்னால் போய்விட்டது.
இரண்டும்.

அவர்கள் கத்தியது எனக்குக் கேட்கவில்லை.
வாய்கள் திறந்திருந்தன.
மரியசூசை கூடையைத் தலையில் கவிழ்த்து ஆடினான்.
சைதலவி திரும்பி என்னைப் பார்த்தான்.
'கோளா?'
'கோள்தான்' என்றேன், நாக்கை மடித்து.

பேப்பர் ஏழரை பஸ்ஸில் வரும்.
அதற்குள் பன்னிரண்டு பேரும்
டீயும் பன்னும் முடித்திருந்தார்கள், என் கணக்கில்.
சைதலவிதான் முதலில் வாங்கினான்.
கடைசிப் பக்கத்தைப் பார்த்தான்.
ஒன்றும் சொல்லவில்லை.
நனைந்திருந்த டிரைவர் சீட்டில் அதை விரித்து,
மேலே உட்கார்ந்து,
தேவாலா பக்கம் வண்டியை விட்டான்.